மூன்றாவது மொட்டை

தலையில் தண்ணீர் விழுந்ததுமே பங்கஜத்துக்குத் தெரிந்துவிட்டது, தன்னைத் திருப்பி அனுப்பப் போகிறார்கள் என்று. முதல் கை தண்ணீர் உச்சியில் விழுந்து, எந்தப் பக்கம் போவதென்று யோசிப்பதுபோல அங்கேயே கொஞ்சம் நின்று, பிறகு காதுக்குப் பின்னால் வழி கண்டுபிடித்துக் கழுத்துக்குள் இறங்கியது. அடுத்த கை நெற்றியில் இறங்கி மூக்கு நுனியில் தொங்கியது. அதை அவள் துடைக்கவில்லை. கிணற்றடி வேம்புக்குக் கீழே மணை போட்டு அவளைக் கிழக்குப் பார்க்க உட்கார வைத்திருந்தார்கள். வெயில் இன்னும் தரைக்கு இறங்கவில்லை; மாட்டுக் கொட்டகையின் கூரை மேலே மட்டும் மஞ்சளாகப் படிந்திருந்தது. நாவிதர் மாரப்பன் அவளுடைய முடியைப் பிசைந்து பிசைந்து நனைத்தார், ரொட்டிக்கு மாவு பிசைகிற மாதிரி. ரொட்டி இந்த ஊரில் கிடையாது. ரொட்டி பட்டணத்து விடுதியில். காலை மணி அடித்ததும் வரிசையில் போய் வாங்கிக்கொள்வது. இனி மறுபடியும் ரொட்டிதான். மொட்டை என்றால் பயணம். இதை அவளுக்கு யாரும் சொல்லித் தந்ததில்லை, அவள் தலை தானாகக் கற்றுக்கொண்டது. விடுதிக்கு ஒரு பிள்ளை வந்தால் மொட்டை. விடுதியிலிருந்து ஆஸ்பத்திரிக்கோ, வேறு விடுதிக்கோ, யாரோ ஒருவர் வீட்டுக்கோ ஒரு பிள்ளை போனால் அதற்கு முந்தின நாள் மொட்டை. பேன் கூடவே பயணம் போகக் கூடாது என்பது அங்கே சட்டம். பேனுக்கு டிக்கெட் கிடையாது என்று சமையல்கார ஆயா சொல்லிச் சிரிப்பாள். அதனால் காலையில் எழுந்ததும் யாருடைய தலை பளபளவென்று இருக்கிறதோ அந்தப் பிள்ளையிடம் யாரும் பேச மாட்டார்கள். அது பாதி போய்விட்ட பிள்ளை.

மாரப்பன் கத்தியை உச்சியில் வைத்து ஒரு இழுப்பு இழுத்தார். சர் என்று ஒரு சத்தம், தலைக்கு வெளியே இல்லை, உள்ளே. முதல் மொட்டையிலும் இதே சத்தம்தான். அதற்கு முன்னால் இருந்த காலத்திலிருந்து அவளிடம் மிஞ்சியிருப்பதும் ஒரு சத்தம்தான்: இரண்டு கட்டைவிரல் நகங்களுக்கு நடுவே ஒரு பேன் நசுங்குகிற டக். அம்மாவின் முகம் இல்லை. எவ்வளவு தேடினாலும் முகம் வருகிற இடத்தில் ஈரக் கயிற்றின் வாசனையும், துறைமுகத்துக் கப்பலின் கூவலும், டக் என்ற சத்தமும்தான் வரும். பின்னால் உட்கார்ந்து பேன் பார்க்கிறவளின் முகம் முன்னால் இருப்பவளுக்கு எப்படித் தெரியும்? அப்போதே ஒரு தரம் திரும்பிப் பார்த்திருக்கலாம். திரும்பாதே, தலையை ஆட்டாதே என்று அம்மா சொல்லியிருப்பாள், இவளும் திரும்பாமல் இருந்திருப்பாள். இப்போது மாரப்பனும் அதைத்தான் சொல்கிறார். "அசங்காம இருங்க அம்மிணி. ஆச்சு, ஆச்சு." ஒரு கொத்து முடி மடியில் விழுந்தது. ஈரத்தில் அது முடி மாதிரியே இல்லை, கிணற்றில் மிதக்கும் பாசி மாதிரி இருந்தது. இந்த முடி இந்த ஊரில் முளைத்தது. பட்டணத்தில் முளைத்தது ஒன்றுகூட இதில் இல்லை, அதெல்லாம் ரயிலேறுவதற்கு முந்தின நாளே போய்விட்டது. இது முழுக்கக் கம்பஞ்சோற்றிலும் மோரிலும் விளக்கெண்ணெயிலும் வளர்ந்த முடி. பின்னல் போடும் அளவுக்கு வரவில்லை, இழுத்து முடிந்தால் எலிவால் போல நிற்கும். அந்த எலிவாலுக்கு இந்த வீட்டுக்காரி பழனாத்தாள் நேற்றுக்கூடக் கனகாம்பரம் வைத்துவிட்டாளே. இன்றைக்கு வெட்டுவதென்றால் நேற்று எதற்குப் பூ? போகிறவளுக்கு வைத்த பூவோ.

சண்டை வருகிறது, ஜப்பான்காரன் குண்டு போடப் போகிறான் என்று சொன்ன கோடையில் விடுதி ஜன்னல்களுக்கெல்லாம் கறுப்புக் காகிதம் ஒட்டினார்கள். சங்கு ஊதியதும் எல்லாரும் கட்டிலுக்கு அடியில் போய்ப் படுத்துக்கொள்ள வேண்டும். கட்டிலுக்கடியில் படுத்தால் பக்கத்துக் கட்டில் ஜெகதாவின் மூச்சு கேட்கும். குண்டு வரவில்லை. பட்டணமே காலியாகிக்கொண்டிருந்தது, மாட்டு வண்டிகளில் அண்டாவும் தொட்டிலும் போவதைச் சுவர் ஓட்டை வழியாகப் பார்த்தார்கள். போவதற்கு வீடு உள்ளவர்கள் போனார்கள். வீடு இல்லாத பிள்ளைகளுக்கு விடுதி ஐயா வீடு தேடினார். பிறகு மொட்டை, புதுக் கவுன், கழுத்தில் நூல் கட்டி நம்பர் போட்ட தகரத் துண்டு, ரயில். ஈரோட்டில் இறங்கி, அப்புறம் கரி பஸ். பின்னால் பெரிய அடுப்பு வைத்துக்கொண்டு புகை கக்கி ஓடுகிற அந்த பஸ்ஸைப் பார்த்ததும், இதிலேதான் குண்டு இருக்கிறது என்று ஜெகதா சொன்னாள். சந்தைப்பேட்டைச் சத்திரத்தில் அவர்களை வரிசையாக உட்கார வைத்தார்கள். சனங்கள் வந்து பார்த்தார்கள். ஒருத்தர் கையைத் தூக்கிப் பார்த்தார், ஒரு அம்மாள் பல்லைக் காட்டச் சொன்னாள். ஒவ்வொருவராக எழுந்து போக, வரிசையில் பல் விழுந்த மாதிரி இடம் விழுந்தது. ஜெகதாவை அடுத்த ஊர்க்காரர் கூட்டிப் போனார். கடைசியில் சத்திரத்தில் விடுதி ஐயாவும் பங்கஜமும் ஒரு காலி மண்பானையும்தான். அப்போதுதான் தலையில் வெண்ணெய்ச் சட்டியோடு ஒரு பெண் வாசலில் எட்டிப் பார்த்தாள். பழனாத்தாள்தான். அவள் பிள்ளை பார்க்க வந்தவள் இல்லை, வெண்ணெய் விற்க வந்தவள். "இந்தப் புள்ளைய ஆரும் கேக்கலீங்களா?" என்றாள். அந்தக் கேள்வியைப் பங்கஜம் இந்த ஆறேழு மாதமாகப் புரட்டிப் புரட்டிப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். வேண்டும் என்று கேட்டாளா, மிஞ்சியிருக்கிறதே என்று கேட்டாளா? மிஞ்சியதைத் திருப்பிக் கொடுப்பது சுலபம். சந்தையில் விற்காத வெண்ணெயைப் பழனாத்தாள் வீட்டுக்கே திருப்பிக் கொண்டு வருவதில்லையா.

கத்தி காதோரம் வந்து, காது மடலை மடக்கிவிட்டுத் தாண்டியது. "என்னுங்கம்மா, புள்ள வாயே தொறக்க மாட்டீங்குது," என்றார் மாரப்பன். "எங்கூட்டுப் பையனுக்கு அடிக்கறப்ப ஊரே கூடிருச்சு. ஆரையோ வெட்டறாங்கன்னு ஓடி வந்தாங்க." "பட்டணத்துப் புள்ளைங்க அது," என்றாள் பழனாத்தாள். "அழுதாக்கூட அளந்துதான் அழுவும்." அது உண்மைதான். விடுதியில் அழுவதற்கும் மணி உண்டு. ராத்திரிப் படுக்கை மணி அடித்த பிறகு கொஞ்ச நேரம் அழலாம், யாரும் கேட்க மாட்டார்கள். அடுத்த மணிக்கு நிறுத்திவிட வேண்டும். இங்கே வந்த புதிதில் மணியே இல்லாத ராத்திரியில் எப்போது தொடங்கி எப்போது நிறுத்துவதென்று தெரியாமல் அவள் அழாமலே தூங்கிப் போனாள். "அவிய இன்னம் வரலீங்களா?" என்று மாரப்பன் கேட்டார். "வண்டி கட்டியாச்சுன்னு ஆள் வந்து சொல்லியாச்சு," என்றார் பழனாத்தாளின் வீட்டுக்காரர் சென்னியப்பன். "வெயில் ஏறறதுக்குள்ள வந்துருவாங்க." "பங்காளிக ஒருத்தரையும் காணோமே." "வாரவங்க வரட்டும். வராதவங்க சோறு நமக்கு மிச்சம்." மாரப்பன் சிரித்தார், பழனாத்தாள் சிரிக்கவில்லை. சென்னியப்பன் குரலைத் தாழ்த்தினார். தாழ்த்திப் பேசுவதைக் கேட்பதற்கென்றே விடுதிப் பிள்ளைகளுக்குக் காது உண்டு. "புள்ளகிட்ட ஒரு வார்த்தை சொல்லிப் போடலாமா?" "வேண்டாம். சொன்னா ஓடிப் போயிரும்," என்றாள் பழனாத்தாள். நான் ஓட மாட்டேன் என்று பங்கஜம் தனக்குள் சொல்லிக்கொண்டாள். எங்கே ஓடுவது? வேலி முழுக்கக் கிளுவை முள், அதற்கு அந்தப் பக்கம் மாடு மேய்கிற கொறங்காடு, அதற்கும் அந்தப் பக்கம் இன்னொரு கிளுவை வேலி. ஓடுகிறவர்களுக்குப் போய்ச் சேர ஒரு இடம் வேண்டும்.

வண்டி. ஜெகதாவுக்கும் வண்டிதான் வந்தது. ஐப்பசி மழை விட்ட ஒரு சந்தை நாளில் பழனாத்தாளோடு போயிருந்தபோது, நின்றிருந்த கரி பஸ்ஸின் ஜன்னலில் ஒரு மொட்டைத் தலை தெரிந்தது. அந்தத் தலை திரும்பியபோது அது ஜெகதாவாக இருந்தது. பட்டணத்தில் இனிப் பயமில்லை, விடுதியைத் திறந்துவிட்டார்கள், பிள்ளைகளை ஒவ்வொருவராகக் கூட்டிக்கொள்கிறார்கள் என்று டிரைவரிடம் யாரோ சொல்லிக்கொண்டிருந்தார்கள். ஜெகதா இவளைப் பார்த்தாள், ஆனால் கையசைக்கவில்லை. பாதி போய்விட்ட பிள்ளை எப்படிக் கையசைக்கும்? இவளும் அசைக்கவில்லை. அசைத்திருக்கலாம். அன்றைக்குச் சந்தையில் பழனாத்தாள் வாங்கித் தந்த பொரியை வீடு வரைக்கும் தின்னாமல் மடியிலேயே வைத்திருந்தாள். அதற்குப் பிறகுதான் விடுதி ஐயா இங்கேயும் வந்தார். மர நிழலில் கட்டில் போட்டு, செம்பில் மோர் கொடுத்தார்கள். அவர் குடித்துவிட்டு மீசையைத் துடைத்தபடி, "என்ன பங்கஜம், நல்லா இருக்கியா?" என்றார். சரி ஐயா. "நல்லா சாப்பிடுறியா?" சரி ஐயா. "நம்ம விடுதிக்கே வந்துடுறியா?" சரி ஐயா. இங்கேதான் நினைப்பு மாட்டிக்கொள்கிறது, கிளுவை முள்ளில் பாவாடை மாட்டுவது போல. இழுத்தால் கிழியும், விட்டால் நகர முடியாது. பெரியவர்கள் எது கேட்டாலும் சரி ஐயா என்பதுதான் பதில், வேறு பதில் ஒன்று இருப்பதாக விடுதியில் யாரும் சொல்லித் தரவில்லை. பசிக்கிறதா, சரி ஐயா. அடி வேண்டுமா, சரி ஐயா. அந்த வார்த்தை வாயில் உட்காருவதே இல்லை, கேள்வி முடிவதற்குள் தானே இறங்கி நடந்துவிடும். அவள் சொல்லி முடித்துத் தலையைத் தூக்கியபோது வாசற்படியில் மோர்ச் செம்போடு பழனாத்தாள் நின்றிருந்தாள். செம்பிலிருந்து மோர் சொட்டிக்கொண்டிருந்தது, அவள் அதைப் பார்க்கவில்லை. தை பிறந்ததும் வந்து கூட்டிக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டு ஐயா போனார். அன்று ராத்திரி பழனாத்தாள் சாப்பிடவில்லை. பங்கஜம் பக்கத்தில் போய் நின்றாள். ஏதாவது கூப்பிட்டால்தானே திரும்புவாள். இந்த வீட்டில் யாரையும் அவள் இதுவரை எதுவும் சொல்லிக் கூப்பிட்டதில்லை. வேண்டுமென்றால் பக்கத்தில் போய் நிற்பாள், அவர்களாகவே திரும்பிப் பார்த்து, "என்ன அம்மிணி?" என்பார்கள். அன்றைக்கு மட்டும் திரும்பிப் பார்க்கவில்லை. அன்றைக்கு முடிவு பண்ணியிருப்பார்கள். போகிறேன் என்று சொன்ன பிள்ளையைத் தை வரைக்கும் எதற்கு வைத்துச் சோறு போடுவது?

கிணற்று மேட்டில் சென்னியப்பனின் ஆள் மாடுகளைப் பூட்டிக் கவலை இறைக்கத் தொடங்கினான். உருளை கிறீச்சென்றது, தோல் சால் கிணற்றுக்குள் இறங்கியது, மாடுகள் சரிவில் முன்னால் இறங்கி நடந்தன, சால் மேலே வந்து வாய்க்காலில் கொட்டியது. பிறகு மாடுகள் திரும்பாமலே, பின்பக்கமாகவே, மேட்டுக்கு ஏறி வந்தன. வந்த புதிதில் அவளுக்கு இது அதிசயம். அவ்வளவு தூரம் போன மாடு அப்படியே ஊருக்குள் போய்விடலாமே, எதற்கு முகத்தைத் திருப்பாமல் பின்னாலேயே வருகிறது? சென்னியப்பனிடம் போய் நின்று, மாட்டைக் காட்டினாள். அவருக்குக் கேள்வி புரிந்துவிட்டது. "அதுக்குக் கெணறு இங்கதான அம்மிணி இருக்குது?" என்றார். இப்போது கண்ணை மூடினாலும் அந்த மாடுகள் தெரிந்தன. முன்னால், பின்னால். அவளும் இறங்கினாள், ஈரக் கயிற்று வாசனை, டக், கறுப்புக் காகிதம், பஸ் ஜன்னல். பிறகு முகத்தைத் திருப்பாமலே பின்னால் வந்தாள், பஸ் ஜன்னல், கறுப்புக் காகிதம், டக். ஒவ்வொரு தரமும் கொஞ்சம் தண்ணீர் கொட்டியது. தலை லேசாகிக்கொண்டே வந்தது. காற்று வேம்பிலிருந்து இறங்கி நேராக மண்டைத் தோலைத் தொட்டது, அது தன்னுடைய தோல்தானா என்று இருந்தது. இன்னும் கொஞ்சம் லேசானால் மணையிலிருந்து மெதுவாக எழும்பி, கொட்டகைக் கூரைக்கு மேலே, அந்த மஞ்சள் வெயிலுக்குப் போய்விடலாம். யாரும் அனுப்பவும் வேண்டாம், யாரும் கூட்டிப் போகவும் வேண்டாம். மேலிருந்து பார்த்தால் கவலை மாடுகள் எறும்பு மாதிரி முன்னும் பின்னும் போகும். பழனாத்தாள் நிமிர்ந்து பார்த்து, என்ன அம்மிணி என்பாளா?

வண்டிச் சத்தம் கேட்டது. சக்கரம் கல்லில் ஏறி இறங்கியது, மாட்டின் கழுத்துச் சதங்கை ஒலித்தது. பங்கஜம் கீழே வந்துவிட்டாள். மணை கெட்டியாக இருந்தது, முதுகு ஈரமாக இருந்தது. மாரப்பன் கடைசி ஓரத்தைச் சிரைத்துவிட்டுத் தலை முழுக்க ஒரு சொம்பு தண்ணீர் ஊற்றினார். பழனாத்தாள் துவட்டி, மொட்டையில் சந்தனத்தைக் குளுகுளுவென்று அப்பி, புதுப் பாவாடை கட்டிவிட்டாள். புதுத்துணி. சரிதான், எல்லாம் சரியாகத்தான் நடக்கிறது. வண்டியிலிருந்து இறங்கியது விடுதி ஐயா இல்லை. பெரிய தலைப்பாகையும் கையில் தேங்காய் பழத் தட்டுமாக அவள் பார்த்தே இராத ஒருவர். கூடவே சின்ன மரப்பெட்டியோடு ஒரு கிழவர். ஐயா ஆள் அனுப்பியிருக்கிறார் போல. "தடம் பூராச் சேறு, மாடு நவுரமாட்டேங்குது," என்று சொல்லிக்கொண்டே வந்த தலைப்பாகைக்காரர் பங்கஜத்தின் தலையைப் பார்த்து நின்றார். "ஏம்புள்ள பழனாத்தா, மாமன் வாரதுக்குள்ளயே மொட்டையடிச்சுட்டயா? எம்மடில வெச்சுல்ல அடிக்கோணும்?" "நேரம் போயிரும்னு மாரப்பன் பறந்தாருங்கண்ணா. காது குத்தறப்ப மடி குடுங்க, போதும்." அவர் அவளை ஒரே தூக்காகத் தூக்கினார். பங்கஜம் விறைத்துக்கொண்டாள். இதோ, வண்டிக்குத்தான். ஆனால் கால்கள் வண்டிப் பக்கம் போகவில்லை. அவர் மணையில் உட்கார்ந்து, அவளைத் தன் மடியில் உட்கார வைத்து, இரண்டு கைகளாலும் இறுக்கிக்கொண்டார். அவரிடம் புகையிலையும் மாட்டு வியர்வையும் மணத்தன. அவள் காத்திருந்தாள், அவர் எழுந்திருக்கவில்லை. மாமன் என்றார்களே. யாருக்கு மாமன்? பழனாத்தாளுக்கு அவர் அண்ணன். அவள் அண்ணன் எனக்கு மாமன் என்றால். இந்தக் கணக்கின் கடைசிப் படி தெரிந்தது, கால் வைக்கப் பயமாக இருந்தது. கிழவர் பெட்டியைத் திறந்து மெல்லிய பொன்கம்பி ஒன்றை எடுத்தார். வலது காதில் நெருப்பு மாதிரி ஒன்று நுழைந்தது.

அவள் கத்தவில்லை. பழனாத்தாள் வாயில் வாழைப்பழத்தை வைத்தாள். அதை மெல்லாமல், வெகு நேரமாக உள்ளே கிடந்த வார்த்தையைப் பழத்தோடேயே வெளியே விட்டாள் பங்கஜம். "பஸ் எப்போ வரும்?" "எந்த பஸ் அம்மிணி?" "என்னைக் கொண்டுபோற பஸ். மொட்டை அடிச்சாச்சே." மாரப்பன் கத்தியைத் துடைத்துக்கொண்டிருந்தவர் அப்படியே நிறுத்தினார். சென்னியப்பன் சன்னமாக, "நாஞ் சொன்னேன்ல, சொல்லிப் போடலாமுன்னு," என்றார். ஊசியைச் சொன்னால் ஓடிப்போகும் என்று பயந்தவர்களுக்கு, மொட்டையைப் பார்த்து ஒரு பிள்ளை எங்கே போய்விட்டு வந்திருக்கும் என்று தெரியவில்லை. பழனாத்தாள் மாமனின் மடிக்கு முன்னால் குந்தி உட்கார்ந்தாள். இவ்வளவு கிட்டத்தில், நேருக்கு நேராக, அந்த முகத்தைப் பங்கஜம் பார்த்ததில்லை. எப்போதும் பக்கத்தில்தானே போய் நின்றிருக்கிறாள். இடது புருவத்துக்கு மேலே ஒரு சின்னத் தழும்பு இருந்தது. "ஆரும் உன்னய அனுப்பலை. மாமன் மடில வெச்சுக் காது குத்திப்போட்டா, தையில விடுதி ஐயா வந்து கேட்டா இது எம்புள்ளன்னு சொல்லலாமுன்னுதான் இத்தனையும். ஆனா அன்னிக்கு நீ அவருகிட்டச் சரின்னியே," என்றாள். "உனக்கு மெய்யாலுமே போகோணும்னு இருந்தாச் சொல்லிப்போடு அம்மிணி. ஒரு காதோட நிறுத்திக்கலாம். போகோணுமா?"

கேள்வி முடிவதற்குள்ளேயே அந்த வார்த்தை கிளம்பிவிட்டது. தொண்டையில் ஏறி, பழத்தைச் சுற்றிக்கொண்டு, நாக்கின் நுனிக்கு வந்து நின்றது. சரி. பற்களுக்குப் பின்னால் அதன் உருவம்கூட அவளுக்குத் தெரிந்தது. எத்தனை பேருக்கு எத்தனை தரம் சொன்ன வார்த்தை, அதற்கு வழி நன்றாகத் தெரியும். பங்கஜம் வாயை மூடினாள். மூடிய வாய்க்குள் பழத்தை மெதுவாக மென்றாள், வார்த்தையும் கூடவே மசிந்தது, இரண்டையும் சேர்த்து விழுங்கினாள். பிறகு மாமனின் மடியிலேயே கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்து, தலையைத் திருப்பி, இன்னொரு காதைப் பெட்டிக்காரரின் பக்கம் கொடுத்தாள். கம்பி நுழைந்தது. இந்தத் தரம் அவள் அழுதாள். முதலில் கீச்சென்று ஒன்று, பிறகு வாய் முழுக்கத் திறந்து, வாழைப்பழமும் சந்தனமும் கண்ணீருமாக, கொட்டகை மாடுகள் கயிற்றை இழுத்து எழுந்து நிற்கும்படி. கிளுவை வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு தலை எட்டிப் பார்த்தது, அப்புறம் இன்னொன்று. வராமலிருந்த பங்காளிகள். "பாத்தீங்களா, ஊரே கூடிருச்சு," என்றார் மாரப்பன். பழனாத்தாள் கண்ணைத் துடைத்துவிடக் கையை நீட்டினாள், பிறகு துடைக்காமல் விட்டாள். பங்கஜம் அழுதுகொண்டே இருந்தாள். கூரையிலிருந்த வெயில் இறங்கித் தரைக்கு வந்து, ஈர முடி கிடந்த இடம் வரைக்கும் வந்துவிட்டது. நிறுத்தச் சொல்ல அங்கே மணி எதுவும் இல்லை.